அடுப்பில்லாப் பலகாரம்



திருவருகைக் காலத்தில் ஒருநாள் மாலைப் பூசை முடிந்து எல்லோரும் கலைந்த பின், இளந்தாய் ஒருவர் கோவில் விறாந்தையில் தயங்கி நின்றார். அலுவலகம் ஒன்றில் வேலை பார்ப்பவர். இரண்டு பிள்ளைகளின் தாய். பாவசங்கீர்த்தனத்துக்கு வந்தவரோ என்று எண்ணினேன். அவர் கேட்டதோ குசினியைப் பற்றிய கேள்வி.

“பாதர், போன நத்தாருக்கு நான் பலகாரம் ஒண்டும் சுடேல்லை. கடையில மாரி பிஸ்கற் வாங்கி, பிள்ளையளோட சேர்ந்து சொக்லேற் பிஸ்கற் புடிங்தான் செய்தனான். மாமி அதைப் பாத்திட்டு, ‘பக்கற்றைப் பிரிச்சு அடுக்கிறதுக்குப் பேர் பலகாரமோ? பிள்ளையளுக்குச் சோம்பலை எல்லோ பழக்கிறாய்’ எண்டு சொல்லிப்போட்டா. அண்டையிலயிருந்து எனக்கு மனம் சரியில்லை. நான் என்ரை பிள்ளையளை ஏமாத்திறனோ?”

“அப்படியொன்றும் இல்லை, போய் வாருங்கள்” என்று சிரித்து அனுப்பியிருக்கலாம். ஆனால் அந்தக் கேள்விக்குள் பெரிய கேள்வி ஒன்று இருக்கிறது. ஒரு வேலையை ‘நாம் செய்தது’ என்று சொல்லும் உரிமை எங்கிருந்து வருகிறது? பண்டிகை நாளில் பெற்றோர் பிள்ளைக்குக் கொடுக்கக் கடமைப்பட்டது எது?

முதலில் மாமியின் பக்கத்தைப் பார்ப்போம். அவர் சொன்னதில் நியாயம் இல்லாமல் இல்லை. பயற்றம் பணியாரம் செய்வதென்றால் பயறு வறுக்க வேண்டும், திரிக்க வேண்டும், தேங்காய்ப்பூவும் இனிப்பும் சேர்த்துக் குழைத்து உருட்ட வேண்டும், மாக்கரைசலில் தோய்த்துக் கொதிக்கும் எண்ணெயில் இட வேண்டும். அரியதரத்துக்கு மாவின் பதமும் பாகின் பதமும் கை அறிந்திருக்க வேண்டும். இவை புத்தகத்தில் படித்து வருவன அல்ல. தாயின் அருகில் நின்று மகள் கற்றவை. அந்தக் கை ஓய்ந்துவிட்டால் அந்த அறிவும் மறைந்துவிடும். இதை நினைத்து ஒரு முதியவர் வருந்தினால் அதைப் பழைமைவாதம் என்று தள்ளிவிட முடியாது.

ஆயினும், கடையில் வாங்கிய பொருளில் தொடங்கியதால் அது நம் வேலை அன்று என்று சொல்லலாமா? மாமியின் பலகாரத்துக்குச் சீனி சங்கக்கடையிலிருந்து வந்தது. அரிசி ஆலையில் திரிபட்டது. தாச்சியை வேறொருவர் செய்தார். ஒன்றுமில்லாமையிலிருந்து உண்டாக்குவது கடவுள் ஒருவருக்கே உரியது என்று புனித தோமஸ் அக்குவினாஸ் கற்பித்தார். மனிதராகிய நாம் எப்போதும் வேறொருவர் தந்ததிலிருந்தே தொடங்குகிறோம். ஒருவர் அரிசியில் தொடங்குகிறார். இன்னொருவர் பிஸ்கற்றில் தொடங்குகிறார். வேறுபாடு இருக்கிறது, ஆனால் அது தூரத்தின் வேறுபாடு மட்டுமே.

குருமடத்தில் நாங்கள் படித்த தத்துவத்தில் அரிஸ்டோட்டில் ஒரு பொருளைப் பற்றி நான்கு கேள்விகள் கேட்பார்: எதனால் ஆனது? என்ன உருவம் பெற்றது? யார் செய்தார்? எதற்காகச் செய்தார்? நம் வீடுகளில் பலகாரத்தைப் பற்றி எழும் வழக்கெல்லாம் முதற் கேள்வியோடு நின்றுவிடுகிறது. எனக்கோ கடைசி இரண்டு கேள்விகளும் பெரிதாகப்படுகின்றன. இதற்கு என் சிறுவயது நத்தார் ஒன்று காரணம்.

எங்கள் வீட்டில் பலகாரம் சுடும் நாட்களில் பிள்ளைகளுக்குக் குசினியில் இடமில்லை. எண்ணெய் கொதிக்கும், மாவும் சீனியும் விலை கூடியவை. வாசற்படியில் நின்று எட்டிப் பார்த்தாலே, “போ அங்காலை” என்று அம்மா கலைப்பார். அவர் கலைத்தது சரியே. ஆண்பிள்ளையான எனக்கு அந்த வாசல் ஒருநாளும் திறந்ததில்லை. பண்டிகை என்பது பெரியவர்கள் செய்து பிள்ளைகளுக்குக் கொடுப்பது என்றுதான் எண்ணியிருந்தேன்.

1995 ஒக்ரோபர் 30ஆம் நாள் வலிகாமத்து மக்கள் இடம்பெயர்ந்தபோது நாங்களும் தென்மராட்சிக்குப் போனோம். எனக்கு 11 வயது. அந்த ஆண்டு நத்தார் ஒரு பாடசாலை விறாந்தையில் வந்தது. தாச்சி இல்லை, எண்ணெய் இல்லை. அம்மாவிடம் இருந்தவை இரண்டு பக்கற் பிஸ்கற், கொஞ்சம் பனங்கட்டி, ஒரு தேங்காய். நத்தாருக்கு முதல்நாள் அவர் எங்கள் மூவரையும் கூப்பிட்டார். அண்ணா பிஸ்கற்றை இடித்தார், நான் தேங்காய் துருவினேன், தங்கச்சி உருட்டினாள். அம்மா பார்த்துக்கொண்டிருந்தார். தங்கச்சியின் உருண்டைகள் ஒன்றும் உருண்டையாக இல்லை. அம்மா அவற்றைத் திருத்தவில்லை. மொத்தம் 24 வந்தது. “பன்னிரண்டு எங்களுக்கு, பன்னிரண்டு பக்கத்து ஆட்களுக்கு” என்றார். பக்கத்து விறாந்தையில் ஒரு கிழவியும் இரண்டு பேரப்பிள்ளைகளும் இருந்தார்கள்.

இன்று உங்களிடம் ஒன்றைச் சொல்ல வேண்டும். அந்தப் பன்னிரண்டில் ஒன்றை நான் இரவில் எடுத்துத் தின்றேன். விடிய அம்மா தட்டை எடுத்தார், எண்ணினார், ஒன்றும் பேசவில்லை. தம் பங்கிலிருந்து ஒன்றை எடுத்து அந்தத் தட்டில் வைத்து, “கொண்டுபோய்க் குடு” என்று என் கையிலேயே தந்தார். குருமடத்தில் நான் கற்ற ஒழுக்கவியல் முழுவதும் அந்தத் தட்டின் பாரத்துக்கு ஈடாகாது. நானே செய்ததை, நானே களவெடுத்ததை, நானே கொண்டுபோய்க் கொடுத்தேன். பண்டிகையில் எனக்கும் பங்கு உண்டென்று அன்றுதான் அறிந்தேன்.

அடுப்பில்லாப் பலகாரத்தின் சிறப்பு இதுதான். நெருப்பில்லாத குசினியின் வாசல் பிள்ளைக்குத் திறக்கிறது. ஐந்து வயதுப் பிள்ளையைக் கொதிக்கும் எண்ணெய்க்கு அருகே விட முடியாது. பாலும் பிஸ்கற்றும் இருக்கும் மேசைக்கு அருகே விடலாம். சிறுவரைத் தடுத்த சீடர்களை ஆண்டவர் கடிந்துகொண்டார் அல்லவா?

மனித உழைப்பைப் பற்றி 1981இல் பாப்பரசர் இரண்டாம் அருளப்பர் சின்னப்பர் ஒரு சுற்றுமடல் வெளியிட்டார். வேலையின் மதிப்பு, அதில் உண்டாகும் பொருளைவிட, அதைச் செய்பவர் ஒரு மனித ஆள் என்பதிலேயே முதன்மையாகத் தங்கியிருக்கிறது என்பது அவர் போதனையின் சாரம். இது ஐந்து வயதுப் பிள்ளைக்கும் பொருந்தும். ஆகவே, பிள்ளை கோணலாக அடுக்கிய பிஸ்கற்றை அது நித்திரையான பின் எடுத்து நேராக்கி வைக்கும் தாய்மார் சற்று யோசிக்க வேண்டும். கைத்தொலைபேசியில் படம் எடுக்கும் மட்டும் பிள்ளையின் கையில் கரண்டியைக் கொடுத்து, பின் பறித்துக்கொள்வதும் அப்படியே. இவற்றில்தான் ஏமாற்று இருக்கிறது. பிஸ்கற் பக்கற்றில் இல்லை.

இன்னொன்றும் பிள்ளைகளுக்குச் சொல்லத் தக்கது. கடைப் பண்டமும் கைகளால் ஆனதே. மாரி பிஸ்கற் 1874இல் இலண்டனில், விக்ரோறியா மகாராணியின் மகனை ரஷ்ய இளவரசி மரியா மணந்த விழாவை முன்னிட்டுச் செய்யப்பட்டது. பிறப்பிலேயே அது ஒரு கொண்டாட்டப் பண்டம். கொக்கோவின் கதையோ அவ்வளவு இனிப்பானது அன்று. எங்கள் நாட்டில் மாத்தளை, கண்டிப் பகுதிகளில் கொக்கோ விளைந்தாலும், உலகின் கொக்கோவில் பாதிக்கு மேல் மேற்கு ஆபிரிக்காவின் ஐவரி கோஸ்ற், கானா நாடுகளிலிருந்தே வருகிறது. அவ்விரு நாடுகளிலும் 15 இலட்சத்துக்கு மேற்பட்ட சிறுவர் கொக்கோத் தோட்டங்களில் சிறுவர் உழைப்பில் ஈடுபட்டிருந்ததாக 2020இல் வெளியான ஓர் ஆய்வு மதிப்பிட்டது. எங்கள் பிள்ளை விளையாட்டாய்க் குழைக்கும் தூளை வேறொரு பிள்ளை விளையாட நேரமின்றிப் பறித்திருக்கக் கூடும். இதைச் சொல்லி ஒரு பிள்ளையின் வாயிலிருந்து இனிப்பைப் பறிக்கச் சொல்லவில்லை. சாப்பிடுமுன் சொல்லும் செபத்தில் அந்தப் பிள்ளைக்கும் ஓர் இடம் கொடுக்கலாம் என்கிறேன்.

செய்முறை பலருக்கும் தெரிந்ததே. 100 கிராம் பட்டரையும் அதே அளவு ஐசிங் சீனியையும் நன்றாக அடித்து, மூன்று நான்கு மேசைக்கரண்டி கொக்கோத் தூள் சேர்த்துக் குழைத்துக்கொள்ளுங்கள். பிஸ்கற்றைக் காய்ச்சி ஆறிய பாலில் தோய்த்து உடனே எடுக்க வேண்டும்; ஊறவிட்டால் கரைந்து போகும். ஒரு படை பிஸ்கற், ஒரு படை கலவை என்று அடுக்கி, மேலே கஜு தூவி, குளிர்சாதனப் பெட்டியில் நான்கு மணித்தியாலமாவது வையுங்கள். சிலர் பச்சை முட்டை சேர்ப்பார்கள். சிறுவர் உண்பதாயின் அதை விட்டுவிடுவதே நல்லது. தோய்ப்பதும் அடுக்குவதும் தூவுவதும் பிள்ளைகளின் வேலையாகட்டும். இருக்கும் வீட்டுக்குத்தான் பட்டரும் கொக்கோவும். 2022இல் எரிவாயுவுக்கு வரிசையில் நின்ற நாட்களை நாம் மறக்கவில்லை. பிஸ்கற்றும் தேங்காயும் பனங்கட்டியும் போதும்.

அந்தத் தாய்க்கு நான் சொன்னது இவ்வளவே: “தங்கச்சி, நீங்கள் யாரையும் ஏமாற்றவில்லை. இந்த முறையும் பிள்ளைகளோடு செய்யுங்கள். ஆனால் மாமியையும் மேசைக்குக் கூப்பிடுங்கள். உருட்டும் கை அவருடையது. பிள்ளைகள் அதைப் பார்க்கட்டும். அடுத்த வருடம் அவர்களே பயற்றம் பணியாரம் கேட்பார்கள். செய்து முடிந்ததும் பாதியை ஒரு தட்டில் போட்டு, பக்கத்து வீட்டுக்குப் பிள்ளைகளின் கையிலேயே கொடுத்து அனுப்புங்கள்.”

அவர் தலையசைத்துவிட்டுப் படியிறங்கினார். பாதி வழியில் திரும்பி, “பாதர், அவை கொண்டுபோற வழியில ஒண்டைத் திண்டிட்டா?” என்று சிரித்தார்.

“எண்ணி அனுப்புங்கள், ஆனால் ஒன்றும் பேசாதேயுங்கள்” என்றேன்.

வாசகர்களே, உங்கள் வீட்டுத் தட்டும் இந்த நத்தாருக்கு ஒரு படலையைத் தாண்டிப் போகட்டும்.