இருட்டீவும் இருண்மலமும்

நினைத்தது நினைத்தவாறே கைகூடும் ஓரிடம் உண்டெனின் அதனை நாடிச் செல்லாதார் யாவர்? கனவு மெய்யாதலே இன்பம் என்பது மாந்தர் பலர்க்கும் உடன்பாடு. அவ்வுடன்பாடு ஆராய்ந்து கொள்ளப்பட்டதோ என்பது வினவற்பாலது.

ஆங்கில நூலாசிரியர் சி. எஸ். லூயிஸ் நார்னியா என்னுங் கற்பனையுலகைப் படைத்து, அதுபற்றி ஏழு கதைநூல்கள் இயற்றினார். அவற்றுள் 1952ஆம் ஆண்டில் வெளிவந்த கடற்பயணக் கதையில் இவ்வினா ஒரு தீவின் வடிவில் எழுகின்றது. காஸ்பியன் என்னும் அரசன், காணாமற்போன பிரபுக்கள் எழுவரைத் தேடிக் கீழ்கடலிற் செல்கின்றான். காலை வெயிலிடையே கரிய மலை போல்வதொன்று தோன்றுகின்றது. அணுகியவழி அது நிலமன்று, இருளே என்பது விளங்குகின்றது. உட்புகுந்த கப்பலை நோக்கி ஒரு கூக்குரல் எழுகின்றது. நீந்தி வந்தேறியவன் அவ்வெழுவருள் ஒருவனாகிய ரூப் பிரபு. கனவுகள் மெய்யாகுந் தீவு இது என்றும், விரைந்து ஓடுக என்றும் அவன் கதறுகின்றான்.

மாலுமியரோ மகிழ்கின்றனர். ஒருவன் தான் விரும்பியவளை மணக்கலாம் என்கின்றான். மற்றொருவன் இறந்தவனை உயிரொடு காணலாம் என்கின்றான். ஈண்டு மெய்யாவன விழித்திருந்து விரும்பிய எண்ணங்கள் அல்ல, உறக்கத்தில் வருங் கனவுகளே என ரூப் தெளிவித்தலும், சிறிதுபொழுது வாய்வாளாது நின்ற அவர்கள் துடுப்புகளை நோக்கி ஓடுகின்றனர். ஒருவன் செவியிற் பெருங்கத்தரியின் ஓசை. மற்றொருவன் செவியிற் கப்பற்பக்கத்தே ஏறிவருவனவற்றின் ஓசை. ஒருவன் கேட்டதனை மற்றவன் கேளாமையே அவ்வச்சம் அவரவர் உள்ளத்தது என்பதற்குச் சான்றாம். தீவு புதியது யாதும் தந்திலது. உள்ளே கிடந்ததனையே புறத்தே காட்டிற்று.

உமாபதி சிவாசாரியர் திருவருட்பயனில் இருண்மல நிலை கூறுங்கால், புறவிருள் பிறபொருளை மறைப்பினுந் தன்னைக் காட்டும் எனவும், அகவிருளாகிய ஆணவம் தன்னையுங் காட்டாது எனவும் வேறுபடுத்துக் காட்டினார். மாலுமியர் கண்ட கரிய மலை புறவிருள். அதனைக் கண்டு விலகுதல் எளிது. தம்முள் உறைந்த இருளை அதுகாறும் அவர் கண்டிலர். கண்டிலராதலினன்றோ அத்தீவின் பெயர் கேட்டு மகிழ்ந்தனர்! லூயிஸ் கிறித்தவர், சைவநூற் கருத்தை விளக்க எழுதினாரல்லர். எனினும், உயிரின் நிலையை உற்றுநோக்குவார்க்கு இவ்வுண்மை எங்கணும் புலப்படுதல் இயல்பே.

அஃதேல், துடுப்பு வலித்து ஓடுதலே உய்யும் நெறியாமோ எனின், அதுமட்டும் அமையாது. நெடுநேரம் வலித்தும் ஒளி காணாராய், வட்டமாகச் சுழல்கின்றோமோ என அவர்கள் அஞ்சினர். அந்நிலையில் லூசி என்னுஞ் சிறுமி அவ்வுலகத் தலைவனாகிய அஸ்லானை நினைந்து மெல்ல வேண்டினாள். இருள் சிறிதுங் குறைந்திலது; அவள் நெஞ்சின் துயரோ சிறிது தணிந்தது. அதன்பின்னரே ஓர் ஒளிக்கதிரும், அதன்வழி ஒரு பெரும் பறவையும் தோன்றின. பறவை முன்செல்லக் கப்பல் பின்சென்று வெயிலை அடைந்தது. பின்சென்ற கப்பலைச் செலுத்தியதும் அத்துடுப்பே என்பது நோக்கத்தக்கது. முயற்சி வேண்டாதது அன்று. வழிகாட்டும் அருளின்றி அது சுழலும் என்பதே கருத்து.

இனி, வெளிப்போந்தபின் அவ்விருள் என்னாயிற்று? இங்கிலாந்துப் பதிப்பில், திரும்பி நோக்குவார்க்குத் தீவும் இருளும் அடியோடு மறைந்தொழிந்தன. அமெரிக்கப் பதிப்பிற்கு ஆசிரியரே திருத்தியபொழுது, மறைந்தொழிந்தது என்னுங் கூற்றை நீக்கினார். இவ்விரண்டனுள் சித்தாந்தத்திற்கு அணுக்கமாவது பின்னையதே. ஆணவம் அநாதி, அதன் சத்தி அருளால் அடங்குவதன்றி, அது தன்னியல்பிற் கெட்டொழிவதில்லை. ஞாயிற்றின் முன் இருள் அடங்கி நிற்பதே இதற்கு உவமை.

ஆதலின், ஒருகால் ஒளி கண்டாம் என்று இறுமாத்தல் தகாது. உடலொடு கூடிநிற்குங்காறும் பழைய வாதனை தாக்குதற்கு இடனுண்டு. அதுபற்றியன்றோ சிவஞானபோதத்துப் பன்னிரண்டாஞ் சூத்திரம், மலங்களைந்த ஞானியர்க்கும் அடியார் கூட்டத்தையும் ஆலய வழிபாட்டையும் விதித்தது! இருளினின்று வெளிவந்தார்க்கும் பறவையின் பின்செல்லுதலே காப்பாம்.