சிவந்த விரல் சான்றாகுமா?

இலஞ்சம் வாங்கியவன் கையும் களவுமாகப் பிடிபட்டான். ஆண்டுகள் பல கடந்தபின் குற்றம் மெய்ப்பிக்கப்படவில்லை என்று விடுதலையானான். நாளேட்டில் இத்தகைய செய்தியைப் படித்ததும் நம் இளைஞர்கள் கொதிக்கிறார்கள். "பிடிபட்ட பிறகு வழக்கு எதற்கு, வாய்தா எதற்கு, வக்கீல் எதற்கு?" என்று கேட்கிறார்கள. கேள்வியிலே கோபம் இருக்கிறது. கோபத்திலே நியாயமும் இருக்கிறது. பகுத்தறிவு இருக்கிறதா? அதைப் பார்த்துவிட்டுத்தான் நாம் அந்தக் கோபத்தோடு கைகோக்க வேண்டும்.

பிடிபடுவது எப்படி நடக்கிறது? பட்டா மாறுதலுக்காக நடையாய் நடந்த உழவர் ஒருவர், கிராம நிர்வாக அலுவலர் பணம் கேட்டார் என்று இலஞ்ச ஒழிப்புத் துறையிடம் முறையிடுகிறார். அவர் தரவேண்டிய நோட்டுகளின் எண்கள் குறித்துக்கொள்ளப்படுகின்றன. நோட்டுகளின்மீது பினாப்தலின் என்னும் வெண்பொடி தடவப்படுகிறது. வேறு துறை ஊழியர் இருவர் சாட்சிகளாக வருகிறார்கள். ஒருவர் உழவரோடு கூடவே செல்கிறார். பணம் கைமாறியதும் சைகை. சைகை கண்டதும் அதிகாரிகள் நுழைவு. சோடியம் கார்பனேட் கரைத்த நீரில் விரல்களை நனைக்கச் சொல்கிறார்கள். நிறமற்ற நீர் இளஞ்சிவப்பாகிறது. புட்டியில் ஊற்றி, முத்திரையிட்டு, ஆய்வுக்கூடத்துக்கு அனுப்புகிறார்கள்.

நீர் சிவந்தது, எதை மெய்ப்பித்தது? பொடி தடவிய தாளை அந்த விரல் தொட்டது என்பதை மட்டுமே. வேதியியல் பொய் சொல்லாது. ஆனால் தன்னிடம் கேட்காத கேள்விக்கு அது விடை கூறுவதுமில்லை. அந்தப் பணம் திருப்பித் தந்த கடனாக இருக்கலாம், கட்டவேண்டிய வரியாக இருக்கலாம், பகைவன் வலியத் திணித்ததாகவும் இருக்கலாம். வலிய நீட்டியதை இலஞ்சமென்று அறிந்தே ஏற்பதும் குற்றந்தான். எனினும், கேட்டு வாங்கினான் என்று தொடுத்த வழக்கிலே, கேட்டது மெய்ப்பிக்கப்பட்டாக வேண்டும். வழக்குமன்றம் தேடுவது விரலின் நிறத்தையன்று, நாவின் சொல்லை.

ஆந்திரத்தில் நியாயவிலைக் கடைக்காரர் ஒருவரிடம் 250 ரூபாய் வாங்கியதாக வருவாய் அலுவலர் ஒருவர்மீது வழக்கு. புகார் கொடுத்தவரே மன்றத்தில் மாற்றிப் பேசினார். நோட்டுகள் கிடைத்தது மட்டும் போதாது என்று 2014இல் உச்ச நீதிமன்றம் அலுவலரை விடுவித்தது. தில்லியில், கடைக்கு மின்மானி பொருத்தப் பணம் கேட்டதாக மின்வாரிய ஊழியர்மீது ஒரு வழக்கு. புகார் கொடுத்தவர் சாட்சியம் சொல்வதற்கு முன்பே இறந்துபோனார். அவ்வழக்கை ஒட்டி எழுந்த சட்ட வினாவை ஐந்து நீதிபதிகள் ஆராய்ந்து, புகார்தாரர் இறந்தாலும் பிறழ்ந்தாலும் மற்றச் சாட்சிகளாலும் சூழ்நிலைகளாலும் கேட்டதை மெய்ப்பிக்கலாம் என்று 2022 டிசம்பரில் தீர்ப்பளித்தனர். கதவு திறந்தது என்று மகிழ்ந்தோர் பலர். ஆனால் அதே வழக்கிலே, 2023 மார்ச்சில், அந்தச் சூழ்நிலைகளும் போதவில்லை என்று ஊழியர் விடுதலை பெற்றார்!

இவ்வளவு கடுமை வேண்டுமா? வேண்டும் என்போம் நாம். விடை சரியாயிருந்தும் வழி எழுதாத மாணவனுக்கு எம் பள்ளிக் கணக்காசிரியர் முழு மதிப்பெண் தருவதில்லை. மாணவன் முகம் சுளிக்கிறான், ஆசிரியர் அசைவதில்லை. வழக்குமன்றத்துக்கும் அந்தப் பிடிவாதம் தேவை. கர்ணம், மணியம் என்று பரம்பரையாக வந்த கிராமப் பதவிகள் தமிழ்நாட்டில் ஒழிக்கப்பட்டது 1980இல். அதன் பயனாய், ஒடுக்கப்பட்ட குடியில் பிறந்த இளைஞன் தேர்வெழுதி அந்த நாற்காலியில் அமர முடிகிறது. புறம்போக்கை வளைத்துப் போட்ட பெருந்தனக்காரருக்கு அவன் இணங்க மறுக்கிறான். அவனை ஒழித்துக்கட்டப் பொடி தடவிய நோட்டும் பொய்ச்சாட்சியும் போதுமென்றால், அவன் அங்கே எத்தனை நாள் இருப்பான்?

ஆகவே, குறை மெய்ப்பு கேட்கும் சட்டத்தில் இல்லை. மெய்ப்பைத் தரவேண்டியவரை நாம் என்ன பாடுபடுத்துகிறோம் என்பதில் இருக்கிறது. அச்சத்தால் பிறழ்கிறவர் உண்டு, ஆசையால் பிறழ்கிறவர் உண்டு. இவர்களைப் பற்றிப் பேசப் புதிதாக ஒன்றுமில்லை. இரக்கத்தால் பிறழ்கிறாரே, அவர்தாம் நம்மைத் திகைக்க வைக்கிறார். விசாரணைக்கு முந்திய இரவு, அலுவலரின் மனைவி அவர் வாசலில் வந்து அழுகிறாள். ஊர்ப் பெரியவர் சொல்கிறார்: "ஏனப்பா, ஐந்நூறு ரூபாய்க்காக ஒரு குடும்பத்தைத் தெருவில விடுறதா? அந்த மனுஷனுக்கும் புள்ளைகுட்டி இருக்குல்ல?" இதை நாம் எள்ளி நகையாடப் போவதில்லை. குற்றம் மெய்ப்பிக்கப்பட்டால் மூன்றாண்டுக்குக் குறையாத, ஏழாண்டு வரை நீளக்கூடிய சிறை; வேலையும் போகும். கோடி சுருட்டியவன் கொடிபறக்கும் காரில் போக, ஐந்நூறு வாங்கியவன் மட்டும் அழியவேண்டுமா என்ற கேள்வியிலே உண்மை உண்டு.

உண்மை உண்டு, ஆனால் அது எழவேண்டிய இடம் சாட்சிக் கூண்டன்று. அங்கே நிற்பவரிடம் எவ்வளவு தண்டனை என்று யாரும் கேட்பதில்லை. என்ன நடந்தது என்றுதான் கேட்கிறார்கள். மூன்றாண்டு என்னும் கீழ்வரம்பு கொடிதென்றால் நாடாளுமன்றத்திலே திருத்தட்டும். சாட்சி காட்டக்கூடிய இரக்கமோ ஒரே வகைதான்: பொய். அந்தப் பொய்யால் அவர் தம்மையே பொய்ப்புகார் கொடுத்தவராக்கிக் கொள்கிறார். நாளை இறப்புச் சான்றுக்காக அதே மேசைமுன் வந்து நிற்கும் விதவை, இவருடைய இரக்கத்துக்கும் சேர்த்துப் பணம் எண்ணி வைக்கிறாள். அவளுக்குப் பிள்ளைகுட்டி இல்லையா? அவளுக்காக எந்தப் பெரியவர் இரவிலே கதவு தட்டினார்?

2018இல் சட்டம் திருத்தப்பட்டது. இலஞ்சம் கொடுப்பவரும் குற்றவாளியே. கட்டாயத்தால் கொடுத்தவர் ஏழு நாட்களுக்குள் அறிவித்தால் தப்பலாம். விசாரணையை ஈராண்டுக்குள் முடிக்க முயலவேண்டும் என்றும் எழுதியிருக்கிறார்கள். நன்று. இளைஞர்கள் கைப்பேசியில் பேச்சைப் பதிவுசெய்து, வழக்கே முடிந்ததென்று எண்ணுகிறார்கள். நகலைக் கொடுத்தால் உரிய சான்றிதழும் உடன் வேண்டும் என்பதை 2020இல் உச்ச நீதிமன்றம் உறுதி செய்திருக்கிறது. கேட்ட நாள், கேட்ட இடம், கேட்ட சொல் ஆகியவற்றை அன்றே எழுதி வைத்தவர், குறுக்கு விசாரணையில் அவ்வளவு எளிதாகத் தடுமாறமாட்டார்.

அதற்கும் மேலாக அவருக்கு வேண்டியது துணை. ஒவ்வொரு வாய்தாவுக்கும் ஒருநாள் கூலியை இழந்து, பேருந்தேறி, மன்றத் தாழ்வாரத்தில் குற்றம் சாட்டப்பட்டவரின் உறவினர் நடுவே தன்னந்தனியாக அவர் உட்கார்ந்திருக்கிறார். மேடையில் இலஞ்சத்தைச் சாடக் குரல் வளமுள்ளோர் நம்மிடையே நிறைய உண்டு. அடுத்த வாய்தாவுக்கு அவரோடு பேருந்தேற, தோழர்களே, உங்கள் மன்றத்திலிருந்து எத்தனை பேர் வருகிறீர்கள்?