எறும்பின் கண்: அறிவெண்ணிக்கையும் அறக்கடப்பாடும்

தொல்காப்பியப் பொருளதிகாரத்தின் இறுதி இயலாகிய மரபியல், உயிர்களை அவை பெற்றுள்ள அறிவின் எண்ணிக்கை கொண்டு வகைப்படுத்துகிறது. புல், மரம் முதலியன மெய்யால் மட்டும் அறிவன. நந்து, முரள் ஆகியவற்றுக்கு அதனோடு நாவும், சிதல், எறும்பு ஆகியவற்றுக்கு மூக்கும், நண்டு, தும்பி ஆகியவற்றுக்குக் கண்ணும், விலங்குகளுக்குச் செவியும் கூடுகின்றன. மக்களுக்கு மனம் ஆறாவது. இவ்வரிசையில் கண் நான்காவதாக வருதலின் எறும்புக்குக் காணும் அறிவு இல்லை என்பது தானே பெறப்படும். (மரபியல் பிற்காலச் சேர்க்கை எனக் கருதும் அறிஞர்கள் உளர். அவ்விவாதம் ஈண்டு எடுத்துக்கொள்ளப்படவில்லை.)

இப்பகுதியை முதுகலை வகுப்பில் நடத்தியபோது மாணவி ஒருவர், எறும்புக்குக் கண் இருப்பதைத் தாம் பள்ளி நாளில் உருப்பெருக்கியின் வழியே பார்த்திருப்பதாகக் கூறி, நூற்பா பிழையா என வினவினார். முன்னோர் வெறுங்கண்ணுக்குப் புலப்பட்ட அளவில் கூறினர் என அன்று விடையளித்தேன். அவ்விடை எனக்கே நிறைவளிக்கவில்லை. அவ்வினாவைத் தொடர்ந்து சென்றதன் விளைவே இக்கட்டுரை.

டார்வினின் நண்பரும் அண்டை வீட்டாருமாகிய ஜான் லப்பக் என்னும் ஆங்கிலேயர், எறும்புகள், தேனீக்கள், குளவிகள் பற்றித் தாம் நிகழ்த்திய ஆய்வுகளை 1882இல் நூலாக வெளியிட்டார். எறும்புகள் தம் கூட்டுப்புழுக்களை வெளிச்சத்தில் விடாது இருளுக்குத் தூக்கிச் செல்லும் இயல்பின. லப்பக் அவ்வியல்பையே அளவுகோலாகக் கொண்டார். முப்பட்டகத்தால் பிரிக்கப்பட்ட நிறமாலையை எறும்புகளின் மீது வீழச் செய்தார். ஊதாவிற்கு அப்பால், மனிதக் கண்ணுக்கு இருளாகத் தோன்றிய பகுதியிலிருந்து அவை புழுக்களைத் தூக்கிக்கொண்டு ஓடின. நமக்கு ஒளியாகத் தோன்றும் செம்பகுதியில் அவற்றைக் கொண்டு சேர்த்தன. கார்பன் டைசல்பைடு என்னும் நீர்மம் நம் பார்வைக்குத் தெளிந்தது. ஆயினும் புற ஊதாக் கதிரைத் தடுப்பது. அதன் நிழலை எறும்புகள் இருளாகக் கொண்டன. நம் இருள் எறும்பின் வெளிச்சம் என்பதும், நம் வெளிச்சத்தின் ஒரு பகுதி அதற்கு இருள் என்பதும் இவற்றால் புலனாயின.

காணும் அறிவு இல்லை என நாம் வகுத்த உயிரே, நம்மால் காண இயலாத ஒளியை உணர்வதாக முதன்முதல் அறியப்பட்டது என்பது சிந்திக்கத்தக்கது. இதனைக் கொண்டு தொல்காப்பியரைக் குறைகூறுதல் எளிது, அது முறையன்று. எறும்போடு சேர்த்துக் கூறப்படும் சிதலில் பெரும்பாலான வேலைக்காரக் கரையான்கள் உண்மையிலேயே குருடு. எறும்பினங்களிலும் பல மணத்தைப் பற்றியே வழிநடப்பன. நூற்பாவின் கூர்நோக்கு வியப்பிற்குரியது. நம் ஐயம் வேறிடத்தது. புலன்களை எண்ணும் முறை, கண் என்பது எல்லா உயிர்க்கும் ஒன்றே என்ற எடுகோளின்மேல் நிற்கிறது. வாயில்களை எண்ணுகிறோம். வாயில் வழியே எது நுழைகிறது என்பது எண்ணிக்கையில் அடங்குவதில்லை.

மின்காந்த அலைகளின் பரப்பு மிகப் பெரிது. ஒரு முனையில் பல மீட்டர் நீளமுள்ள வானொலி அலைகள். மறுமுனையில் அணுவினும் சிறிய காமாக் கதிர்கள். இவற்றுள் மனிதக் கண்ணுக்குரியது ஏறத்தாழ 400 முதல் 700 நானோமீட்டர் வரையிலான ஒரு கீற்று. தேனீயின் கீற்று ஏறத்தாழ 300இல் தொடங்கி 650இல் முடிகிறது. தேனீ நிறம் அறியும் என்பதைக் கார்ல் வான் ஃபிரிஷ் 1914ஐ ஒட்டிய ஆண்டுகளில் மெய்ப்பித்தார். பிற்காலத்தில், 1973இல், நோபெல் பரிசு பெற்றவர்களுள் ஒருவர் அவர். செந்நிறம் தேனீக்குக் கருமைபோல்வது. அதற்கு ஈடாக, நமக்கு ஒரே மஞ்சளாகத் தெரியும் சூரியகாந்தி இதழ்களின் அடிப்பகுதி புற ஊதாவை உறிஞ்சிக்கொள்வதால், பூவின் நடுவில் கரிய வட்டமிட்ட இலக்கொன்று அதற்குத் தெரிகிறது.

குறுந்தொகையின் இரண்டாம் பாடலில் தலைவன், தலைவியின் கூந்தலினும் நறுமணமுடைய மலரை அறிவையோ எனத் தும்பியை வினவுகிறான். என் விருப்பத்திற்காக உரையாதே, நீ அறிந்ததையே சொல் என்று அதனிடம் வேண்டிக்கொள்கிறான். உரைகாரர்களும் திறனாய்வாளர்களும் இதனை நலம் பாராட்டல் என்ற அளவில் கண்டு அமைந்தனர். எனக்கு அதில் வேறொன்றும் தோன்றுகிறது. மலரைப் பற்றிய செய்தியில் தும்பி தன்னினும் தக்க சான்று என்பதைத் தலைவன் ஒப்புக்கொள்கிறான். மரபியலின் வரிசையில் நாலறிவினதாய் நிற்கும் உயிர் அகப்பாடலில் சான்றோனாய் அழைக்கப்படுகிறது. இவ்விரு நோக்குகளும் ஒரே மரபில் அருகருகே இருந்துள்ளன என்பதை நாம் போதிய அளவு கருதவில்லை.

கலைச்சொல் பற்றியும் ஒன்று கூறவேண்டும். 1800இல் வில்லியம் ஹெர்ஷல் செந்நிறத்திற்கு அப்பாலுள்ள வெப்பக் கதிரையும், அடுத்த ஆண்டு ரிட்டர் ஊதாவிற்கு அப்பாலுள்ள கதிரையும் கண்டறிந்தனர். இவற்றைத் தமிழில் அகச்சிவப்பு, புற ஊதா என்கிறோம். இரண்டும் நம் பார்வைக்குப் புறத்தே உள்ளவை. ஆயினும் ஒன்று அகம், மற்றொன்று புறம் எனப் பெயர்பெற்றன. சொல்லாக்கம் பற்றிய குறை என்ற அளவில் இதனை விட்டுவிடலாம். ஆனால் புற ஊதா என்னும் பெயரே மனிதனை நடுவில் நிறுத்தி எல்லை வகுக்கிறது. தேனீக்குச் சொல்லாக்கக் குழு ஒன்று வாய்த்திருப்பின் ஊதாவிற்கு அப்பாலுள்ளது அகமாகவும் சிவப்பு புறமாகவும் ஆகியிருக்கும்.

நம் விழித்திரையும் புற ஊதாவின் அண்மைப் பகுதியை உணரவல்லதே. கண்வில்லைதான் அதனைத் தடுத்துவிடுகிறது. வில்லை அகற்றப்பட்டு வேறு வில்லை பொருத்தப்படாதவர் சிலர் அக்கதிரை வெளிறிய நீலமாகக் கண்டுள்ளனர். நாம் காணாமைக்குக் காரணம் பொருளில் இல்லை. நம் கண்ணின் வாயிற்காவலில் உள்ளது.

குழிவிரியன் பாம்புகள் எண்ணும் முறைக்கே இடர் விளைவிக்கின்றன. மேற்குத் தொடர்ச்சி மலையில் வாழும் இவற்றின் கண்ணுக்கும் மூக்குத்துளைக்கும் இடையே ஒரு குழி உண்டு. இரையின் உடல் வெப்பத்திலிருந்து வரும் அகச்சிவப்பினை அக்குழியின் மெல்லிய சவ்வு உணர்கிறது. அச்செய்தியைச் சுமந்து செல்வது முகத்தின் தொடுவுணர்ச்சிக்குரிய நரம்பு. மூளையை அடைந்தபின் அது கண்ணிலிருந்து வரும் செய்தியோடு கலக்கிறது. இதனை மெய்யறிவு என்பதா, கண்ணறிவு என்பதா? இரண்டில் எதில் சேர்த்தாலும் பாம்பின் கணக்கு ஐந்தில் நிற்கும். அதன் உலகமோ அக்கணக்கில் அகப்படாது.

வாயில் மிகுந்தால் அறிவு மிகும் என்பதும் உறுதியன்று. நம் கண்ணில் நிறம் உணரும் செல்வகைகள் 3. ஸ்டோமாட்டோபாடு எனப்படும் கடல்வாழ் ஓட்டுயிரிகளில் 12 வகை வரை உள்ளன. ஆயினும் அடுத்தடுத்த நிறங்களைப் பிரித்தறிவதில் அது நம்மினும் பின்தங்கியது என 2014இல் வெளிவந்த ஆய்வு காட்டியது.

இவையெல்லாம் அறிவியல் வியப்புகள் என்ற அளவில் நின்றுவிடின் தமிழாய்விதழ் ஒன்றில் இடம்பெற வேண்டியதில்லை. எண்ணிக்கை நம் மரபில் அறத்தின் எடைக்கல்லாகவும் இருந்துள்ளது. சமணரின் தத்துவார்த்த சூத்திரமும் புழு, எறும்பு, வண்டு, மனிதர் என ஒவ்வொரு புலனாக ஏற்றியே உயிர்களை வகுக்கிறது. இல்லறத்தார் ஈரறிவும் அதற்கு மேலும் உள்ள உயிர்களுக்கு அறிந்து தீங்கிழைத்தல் ஆகாது; ஓரறிவுயிர் திறத்து இயன்ற அளவு குறைத்துக்கொள்ளல் அமையும் என்பது அவர் கொள்கை. நடைமுறை வாழ்வுக்கு இத்தகைய படிநிலை இன்றியமையாதது என்பதை மறுக்கவில்லை. உண்டு வாழும் எவரும் ஏதேனும் ஓரிடத்தில் கோடிட்டே ஆகவேண்டும். ஆனால் அக்கோடு அவ்வுயிர் இழப்பதன் அளவைக் காட்டுகிறதா, நாம் அதனிடம் கண்டதன் அளவை மட்டும் காட்டுகிறதா?

மனம் என்னும் ஆறாவது அறிவு இவ்விடத்தில்தான் பொருள்படுகிறது. மணிமேகலையில் அறவண அடிகள் எடுத்துரைக்கும் பௌத்த அளவைகள் இரண்டு. காட்சி ஒன்று, கருத்து மற்றொன்று. காட்சி எட்டாத இடத்தில் கருத்து செல்லும். லப்பக் எறும்பின் ஒளியைக் கண்டாரில்லை. புழுவைத் தூக்கி ஓடிய செயலிலிருந்து கருதியறிந்தார். இன்று கருவிகள் புற ஊதாவைப் படம்பிடித்துத் தருகின்றன. எனினும் அப்படங்கள் நம் நிறங்களில் மாற்றி அச்சிடப்பட்டவையே. தேனீ காணும் நிறம் அதற்கு எத்தகையது என்பதை அவை காட்டா. தாமஸ் நேகல் 1974இல் வௌவாலை முன்னிறுத்தி எழுப்பிய வினாவும் இத்தகையதே. உயிரின் அனுபவத்தை அடைய இயலாவிடினும், அதற்கு ஒன்று தெரிகிறது என்பதைக் கருதியறிய இயலும். அறம் கோருவது இரண்டாவதை மட்டுமே.

வங்கக் கடற்கரையில் இவ்வினா ஏட்டளவில் நிற்பதில்லை. ஒடிசாவின் ருசிகுல்யா முகத்துவாரத்திலும் சென்னைக் கடற்கரையிலும் பங்குனி ஆமைகள் முட்டையிடுகின்றன. பெரும்பாலும் இரவில் பொரித்து வெளிவரும் குஞ்சுகள், தாழ்ந்த தொடுவானத்தில் எங்கு வெளிச்சம் மிகுதியோ அங்குக் கடல் உளது எனக் கொண்டு நகர்வன. மனிதன் விளக்கேற்றுவதற்கு முன்னர் அக்கணிப்பு பிழைத்ததில்லை. இன்று கரையோர விளக்குகளை நோக்கி நிலத்தின் பக்கம் ஊர்ந்து, நாய்க்கும் காக்கைக்கும் வெயிலுக்கும் அவை இரையாகின்றன. சென்னையில் 1988 முதல் மாணவர்கள் இரவில் கரை நடந்து முட்டைகளைச் சேகரித்துப் பொரிப்பகத்தில் காத்துக் குஞ்சுகளைக் கடலில் விட்டுவருகின்றனர்.

ஆமைக்குஞ்சின் கண் புற ஊதாவை ஒட்டிய பகுதி முதல் பச்சை வரையிலான குறுகிய அலைகளுக்கு மிகக் கூர்மையானது. செம்மஞ்சளுக்கும் சிவப்புக்கும் அத்துணை ஈர்ப்புறாதது. எனவே நீலம் கலந்த வெள்ளொளி நமக்குத் தெருவிளக்கு, அதற்குப் பொய்க்கடல். அதே தெருவில் தாழ்வாக மறைத்துப் பொருத்திய செம்மஞ்சள் விளக்கில் நாம் தட்டின்றி நடக்கலாம்; குஞ்சு பெரும்பாலும் அதனைப் பொருட்படுத்தாது. இது நெடுங்காலம் அறியப்பட்ட செய்தி. ஆறறிவினர் விளக்கின் நிறத்தைத் தேர்ந்தெடுக்கும்போது தம் கண்ணை மட்டும் கேட்கின்றனர்.

தேர்வுத்தாளில் எறும்பு மூவறிவுயிர் என எழுதும் மாணவருக்கு இன்றும் முழு மதிப்பெண் அளிக்கிறேன். நூற்பா கூறுவது அதுவே. அம்மாணவி தம் விடைத்தாளில் அவ்விடையை எழுதி, அதன் கீழே ஒரு கோடிட்டு, கண் உண்டு எனச் சேர்த்திருந்தார். அதற்குரிய மதிப்பெண் வினாத்தாளில் இல்லை.