அரக்கும் நினைவும்

நன்னிலத்து அன்பரொருவர் இல்லத்திற் பழைய இசைத்தட்டொன்றைச் சுழலவிட்டுக் கேட்டுக்கொண்டிருந்தோம். திருமருகலிற் பிறந்து 1956-இல் மறைந்த திருவாவடுதுறை இராஜரத்தினம் பிள்ளையவர்களின் தோடி அது. முடிந்ததும் உடனிருந்த இளைஞர், “பிள்ளையவர்களை இத்தட்டு நினைவில் வைத்திருக்கிறதே! அங்ஙனமாயின், ஓதுவார் இல்லாத கோயில்களில் தட்டோ நாடாவோ ஓதினாற் குறையென்ன?” என்று வினவினார். அவ்வினா நம்மைப் பன்னாள் உறங்கவொட்டவில்லை.

தட்டின் இயல்பை முதற்கண் நோக்குவாம். எடிசன் என்பார் 1877-இல் வெள்ளீயத் தாளில் ஒலியைப் பதித்தார். பெர்லினர் என்பார் 1887-இல் வட்டத் தட்டை வகுத்தார். அதற்கு உதவிய பொருளோ நம் நாட்டு அரக்கே. பலாசு, இலந்தை முதலிய மரக் கொம்புகளிற் சிறு பூச்சிகள் கசியவிடும் பிசினை உருக்கித் தூய்மைசெய்து, கற்பொடியும் கரியும் கூட்டி வார்த்தனர். 1908-இல் கல்கத்தாவில் இதற்கெனத் தொழிற்சாலை ஏற்பட்டது. பாரதத்தில் எரிப்பதற்கு உதவிய அரக்கு ஈண்டு இசைக்கு உதவியது வியப்பே. நிமிடத்திற்கு 78 முறை சுழலும் அத்தட்டின் ஒரு பக்கம் ஏறக்குறைய மூன்று நிமிடமே ஒலிக்கும். பதிகம் முழுதும் பாட அதில் இடமின்று.

சூக்குமை, பைசந்தி, மத்திமை, வைகரி என்னும் வாக்கு நான்கனுள் பிறர் செவிக்குப் புலனாவது வைகரி ஒன்றே. அவ்வைகரியால் எழுந்த காற்றசைவின் சுவட்டைத்தான் அரக்கு தாங்குகின்றது. பாடினவர் உள்ளத்தில் ஓடிய மத்திமை அதன்கண் இல்லை.

‘தட்டு சடம், ஆதலின் நினையாது’ என்று கூறி அமைதல் எளிது. நம்மவர் பலரும் அவ்வளவில் அமைவர். அது போதாது. என்னையெனின், சித்தாந்தத்தில் நினைத்தற் கருவியாகிய சித்தமும் மாயையின் காரியமாகிய சடமேயன்றோ? சடமாதலின் தட்டு நினையாதெனின், சித்தமும் நினையாதென்று வரும். வருக, அதுவே நம் துணிபு. சித்தம் நினைப்பதன்று; சித்தத்தைக் கொண்டு உயிர் நினைக்கின்றது. அந்தக்கரணங்களுள் ஒன்றும் ஆன்மாவன்றென்றும், அமைச்சரோடு கூடிய அரசன்போல ஆன்மா அவற்றோடு கூடி நிற்குமென்றும் சிவஞானபோத நான்காஞ் சூத்திரம் நிறுவுகின்றது. ஆதலின் ஏட்டையும் தட்டையும் புறத்தே கிடக்கும் சித்தமெனினும் இழுக்கில்லை. அரசனில்லா அவையில் அமைச்சர் எழுதிவைத்த ஓலை என்க.

அற்றேல், ஓலை காத்த அளவேனும் தட்டுக் காவாதோ எனின், காக்கும், மறுக்கின்றிலம். திருவிடைவாய்ப் பதிகம் 1917-இற் கல்வெட்டிலிருந்து கிடைத்ததன்றோ? கல் இன்றேல் அப்பதிகம் நமக்கில்லை. ஆயினும் தில்லையில் நிகழ்ந்ததை எண்ணுக. செல்லரித்தவை போக எஞ்சிய ஏடுகளை நம்பியாண்டார் நம்பியும் சோழ மன்னரும் எடுத்தபோது சொல் கிடைத்தது, பண் கிடைத்திலது. திருவெருக்கத்தம்புலியூரில் திருநீலகண்ட யாழ்ப்பாணர் மரபில் வந்த பெண்மணி ஒருவரே அதனை வகுத்தளித்தாரெனத் திருமுறைகண்ட புராணம் கூறும். பண் உயிருடைய ஒருவர் மிடற்றில் இருந்தது.

இளைஞர் விட்டாரில்லை. “அன்று தட்டு இருந்திருப்பின் அவ்வம்மையாரைத் தேடவேண்டியதில்லையே” என்றார். கூரிய தடையே. தருமபுரம் ப. சுவாமிநாதன் அவர்கள் மறைந்த பின்னும் அவர் குரலிலிருந்து பண் பயில்வார் பலர் உளர். அது பெரும்பேறென்றே நாமும் கொள்வோம். கேட்டற்குத் தட்டு உதவும். சிந்தித்தலும் தெளிதலும் கேட்டாரிடத்தே நிகழவேண்டும். கேட்பாரும் ஓதுவாருமின்றிச் சந்நிதியில் அது தானே சுழலுமாயின் ஆண்டுத் தொண்டு செய்தவர் யார்?

நாம் நேரிற் கண்டதொன்றை அவருக்குக் கூறினோம். நன்னிலத்திற்கு அணித்தான ஓரூரில் முதுபெரும் ஓதுவாரொருவர் இருந்தார். மூப்பினால் மக்கள் பெயரும் மறந்தார். அவர் முப்பதாண்டுகளுக்கு முன் பாடிய பதிகத்தை, அவருடைய மாணாக்கர் ஒலிநாடாவிற் போட்டுக் கேட்பித்தார். தம் குரலென்று அவர் அறிந்திலர். “யாரப்பா இது? சாரீரம் நல்ல சாரீரம்” என்றார். மூன்றாம் பாட்டில் நாடா சிக்கி நின்றது. நின்றவிடத்திலிருந்து அவர் பாடி முடித்தார். இதுகண்டு, பழக்கத்தால் நா ஓடிற்று, நாடா ஓடுதற்கும் இதற்கும் வேற்றுமையின்று என்பாரும் இருப்பர். நாமும் அந்நொடியில் அவ்வாறே ஐயுற்றோம். ஆனால் முடித்தபின் அவர் கையை உயர்த்தி, “பாடினவன் இரண்டாம் அடியில் அவசரப்பட்டுவிட்டான், அங்கே நின்று போகவேண்டும்” என்று சொல்லி, நிற்குமிடத்தைப் பாடியும் காட்டினார். தாமே செய்த பிழை அது.

இளைஞர் நெடுநேரம் பேசவில்லை. பின்னர் அம்மாணாக்கர் இருக்குமிடத்தைக் கேட்டறிந்துகொண்டார். ஓதுவார் மறைந்து ஈராண்டாகின்றது. மாணாக்கர் அவ்வடியில் நின்றே பாடுகின்றார். நாடாவில் அஃது இன்றும் விரைந்தே செல்கின்றது.