மூளை பிளந்தால் ‘நான்’ பிளவுபடுமா?

காலையில் ஒருவர் சட்டை அணிகிறார். வலக்கை பொத்தான்களை மாட்டிக்கொண்டே வருகிறது. பின்னாலேயே இடக்கை அவற்றை ஒவ்வொன்றாகக் கழற்றிக்கொண்டு வருகிறது. அவருக்குச் சித்தம் கலங்கவில்லை. நினைவும் கல்வியும் குறையவில்லை. கேட்ட கேள்விக்குத் தெளிவாக விடை சொல்கிறார். ஆனால் தமது கைகளுள் ஒன்று தம் சொற்படி நடக்கவில்லை என்று திகைக்கிறார்.

இது கற்பனையன்று. மூளையின் இரு பாதிகளை இணைக்கும் நரம்புப் பட்டை துண்டிக்கப்பட்ட சிலரிடம், பெரும்பாலும் அறுவைச் சிகிச்சைக்குப் பிந்தைய முதற்சில வாரங்களில், மருத்துவர்கள் நேரிற் கண்டு எழுதி வைத்த செய்தி. கை ஜபமாலையை உருட்ட, மனம் கடைத்தெருவில் உலவுகிறது என்று வருந்தாத சாதகர் இல்லை. அங்கே உள்ளம் இரண்டுபட்டிருப்பது உவமையாகச் சொல்லப்படுவது. இங்கே அது கண்ணெதிரே நிகழ்கிறது. ஆகவே ஆன்ம விசாரத்தில் நாட்டமுடையோர் இதனை வெறும் மருத்துவ வினோதம் என்று ஒதுக்கிவிட இயலாது. ‘மனத்தைக் கத்தியால் பிளக்க முடியுமானால், அதற்கும் உள்ளே இருப்பதாகச் சொல்லும் ஆன்மா எங்கே?’ என்று மருத்துவம் பயிலும் ஓர் இளைஞன் கேட்டால், கண்களை மூடிக்கொள்வது விடையாகாது.

மனிதனின் பெருமூளை அக்ரூட் பருப்பைப் போல இரு பாதிகளாக அமைந்தது. வலப்பாதி உடலின் இடப்புறத்தையும், இடப்பாதி வலப்புறத்தையும் ஆள்கின்றன. பார்வையும் அவ்வாறே: நேரே நோக்குபவனுக்கு இடப்பக்கம் தோன்றும் காட்சி வலப்பாதிக்குச் செல்கிறது, வலப்பக்கக் காட்சி இடப்பாதிக்குச் செல்கிறது. பேசும் ஆற்றல் பெரும்பாலோர்க்கு இடப்பாதியைச் சார்ந்தது. இவ்விரு பாதிகளுக்கும் நடுவே பாலமாகக் கிடப்பது கார்ப்பஸ் கலோசம் என்னும் தடித்த பட்டை. அதில் ஏறத்தாழ 20 கோடி நரம்பிழைகள் உள்ளன. ஒரு பாதி அறிந்ததை மறுபாதி கணப்பொழுதில் அறிவது பெரும்பாலும் இதனால்தான்.

இப்பாலத்தை அறுக்கும் எண்ணம் கொடுமையால் எழுந்ததன்று. கடும் வலிப்பு நோயில் மூளையின் ஒரு மூலையில் தொடங்கும் மின்கொந்தளிப்பு இதன் வழியே மறுபாதிக்கும் பரவுகிறது. பாலத்தை அறுத்தால், ஒரு கூரையிற் பற்றிய தீ அடுத்த கூரைக்குத் தாவாது என்று மருத்துவர்கள் கருதினர். அமெரிக்காவின் ராச்செஸ்டர் நகரில் வில்லியம் வான் வாகனன் இவ்வகைச் சிகிச்சையின் முதல் முடிவுகளை 1940இல் வெளியிட்டார். அந்நோயாளிகளைச் சோதித்தவர்கள் குறிப்பிடத்தக்க மாறுதல் எதனையும் காணவில்லை. இத்தனை பெரிய பட்டைக்கு என்னதான் வேலை? இரு பாதிகளும் தொய்ந்து விழாமல் தாங்குவதுதான் போலும் என்று அறிஞர்கள் வேடிக்கையாகப் பேசிக்கொண்ட காலமும் உண்டு. கேட்கத் தெரிந்த கேள்விக்குத்தானே விடை கிடைக்கும்!

கேட்கத் தெரிந்தவர் ரோஜர் ஸ்பெர்ரி. பூனைகளிடம் அவரும் அவருடைய மாணவரும் 1950களில் நடத்திய சோதனைகள், ஒரு பாதி கற்றதை மறுபாதி அறியாதிருப்பதைக் காட்டின. 1962இல் லாஸ் ஏஞ்சலிஸ் நகரில் ஜோசப் போகன், பிலிப் வோகல் என்னும் மருத்துவர்கள், இரண்டாம் உலகப்போரில் பணியாற்றிய ஒரு முன்னாள் வீரருக்கு இவ்வறுவையைச் செய்தனர். கலிபோர்னியா தொழில்நுட்பக் கழகத்தில் ஸ்பெர்ரியும் அவரிடம் பயின்ற மைக்கேல் கஸ்ஸானிகாவும் அவரையும், பின்னர் வந்த பிறரையும் நுட்பமாகச் சோதித்தனர். இப்பணிக்காக ஸ்பெர்ரி 1981இல் நோபல் பரிசில் பங்கு பெற்றார்.

சோதனை எளியது. நோயாளி திரையின் நடுப்புள்ளியை நோக்குகிறார். கண் அசைவதற்குள் மறைந்துவிடும்படி, ஆங்கிலத்தில் இடப்பக்கம் ‘கீ’ என்றும் வலப்பக்கம் ‘ரிங்’ என்றும் இரு சொற்கள் மின்னுகின்றன. என்ன கண்டீர் என்றால், ‘ரிங்’ என்கிறார். சாவியைப் பற்றி ஒன்றுமே அறியேன் என்கிறார். அப்போது திரைக்குப் பின்னே, கண்ணுக்குத் தெரியாமல் வைத்துள்ள பொருள்களை அவரது இடக்கை தடவிப் பார்க்கிறது. சாவியைத் தேடி எடுக்கிறது. வாய் மறுத்ததைக் கை அறிந்திருந்தது.

இதனினும் ஆழமானது 1970களில் கஸ்ஸானிகாவும் ஜோசப் லெடோவும் கண்டது. ஒரு நோயாளியின் இடப்பாதிக்குக் கோழியின் கால்நகமும், பேசாத வலப்பாதிக்குப் பனி மூடிய வீட்டின் காட்சியும் காட்டப்பட்டன. எதிரே உள்ள படங்களுள் பொருத்தமானதைத் தொடச் சொன்னார்கள். வலக்கை கோழியைத் தொட்டது. இடக்கை பனியை அள்ளும் மண்வாரியைத் தொட்டது. இரண்டும் சரியே. ஏன் இவற்றைத் தேர்ந்தீர் என்று கேட்டார்கள். பனிக்காட்சியை அறியாத இடப்பாதிதான் விடை சொல்ல வேண்டும். ‘தெரியவில்லை’ என்பதே உண்மையான விடை. ஆனால் அவர் சற்றும் தயங்கவில்லை. கோழியின் நகம் கோழிக்கு உரியது. கோழிக் கொட்டகையைச் சுத்தம் செய்ய மண்வாரி வேண்டுமே என்றார்! வேறொரு சோதனையில் வலப்பாதிக்கு ‘நட’ என்ற கட்டளை காட்டப்பட்டது. நோயாளி எழுந்து நடந்தார். எங்கே செல்கிறீர் என்றதும், குடிக்க ஏதேனும் எடுத்துவரப் போவதாகச் சொன்னார்.

அவர் பொய் சொல்லவில்லை. இது நெஞ்சிற்கொள்ள வேண்டிய செய்தி. பொய்யன் உண்மையை அறிவான்; அறிந்தே மறைப்பான். இவரோ தாம் சொன்னதை முழுமையாக நம்பினார். செயல் முன்பே நடந்துவிட்டது. ‘நான் இதற்காகச் செய்தேன்’ என்ற காரணம் பின்னர் வந்து ஒட்டிக்கொண்டது. கஸ்ஸானிகா இவ்வாற்றலுக்கு ‘உரை கூறுவோன்’ என்னும் பொருள்படப் பெயரிட்டார். அகங்காரத்தின் இயல்பை ஆராய்ந்த நம் முன்னோர்க்கு இது புதிய முகமன்று. பிரகிருதியின் குணங்களால் செயல்கள் நிகழ, ‘நானே செய்தேன்’ என்று அகங்காரம் உரிமை கொண்டாடுகிறது என்பது கீதை காட்டும் நெறி.

இங்கே ஓர் எச்சரிக்கை தேவை. இச்சோதனைகளைக் கேள்விப்பட்ட சிலர், இடமூளை கணக்குப் பார்ப்பது, வலமூளை பக்தி செய்வது என்று பங்கிட்டு, ‘வலமூளையை எழுப்பும்’ பயிற்சிகளை விற்கவும் தொடங்கினர். மனிதர் சிலர் இடமூளையினர், சிலர் வலமூளையினர் என்ற பிரிவுக்கு ஆதாரம் இல்லை என்பதை, 2013இல் யூட்டா பல்கலைக்கழகத்தார் ஆயிரத்துக்கும் மேற்பட்டோரின் மூளைப் படங்களை ஆராய்ந்து காட்டினர். முண்டக உபநிடதத்தில் ஒரே மரத்தில் அமர்ந்த இரு பறவைகள் மூளையின் இரு பாதிகளே என்று உரை செய்வாரும் உளர். மரத்தை விட்டுவிட்டுக் கிளைகளைப் பறவைகள் என்பதற்கு ஒப்பானது அது. சாஸ்திரத்துக்கு இத்தகைய உதவி வேண்டுவதில்லை.

அந்த இளைஞனின் கேள்விக்கு வருவோம். மனம் கத்தியால் பிளவுபடுகிறது என்பதைக் கேட்டு வேதாந்தி அஞ்ச வேண்டுமா? சாந்தோக்கிய உபநிடதத்தில் உத்தாலகர் தம் மைந்தன் சுவேதகேதுவைப் பதினைந்து நாள் உணவின்றி, நீர் மட்டும் பருகி இருக்கச் செய்கிறார். பின்னர் வேதத்தை ஓதுமாறு பணிக்கிறார். பன்னிரண்டு ஆண்டுகள் குருகுலத்தில் கற்றதில் ஒன்றும் மைந்தனுக்கு நினைவில் எழவில்லை. உணவு உண்டதும் யாவும் திரும்புகின்றன. மனம் அன்னமயமானது என்பதைத் தந்தை இவ்வாறு சோதித்தே காட்டினார். மனம், புத்தி, சித்தம், அகங்காரம் என்னும் நான்கும் சேர்ந்த அந்தக்கரணம் ஒரு கருவி. கண்ணைப் போன்ற, காதைப் போன்ற கருவி, அவற்றினும் சூட்சுமமானது. தன்னியல்பில் அது ஜடம். சந்திரன் சூரிய ஒளியால் விளங்குவது போல, சைதன்யத்தின் பிரதிபலிப்பால் அது அறிவுடையதாகத் தோன்றுகிறது. கருவி பழுதுபட்டால் கருவியின் தொழில் பழுதுபடும். மனமே ஆன்மா என்று எண்ணியிருந்தவனுக்குத்தான் இச்சோதனை பேரிடியாகும்.

இளைஞன் விடமாட்டான். ‘சாட்சி ஒன்றே என்றால், சாவியையும் வளையத்தையும் சேர்த்து அறிந்திருக்க வேண்டாமா?’ என்பான். கூர்மையான கேள்விதான், ஆனால் மிகப் பழைய கேள்வியும்கூட. எல்லா உடல்களிலும் ஆன்மா ஒன்றே என்றால், ஒருவனது பல்வலியை அடுத்தவன் ஏன் உணர்வதில்லை என்று அத்வைதிகளை முற்காலத்திலேயே கேட்டார்கள். அறிவது சைதன்யத்தின் ஒளியால்; இன்னதை அறிவது உபாதியாகிய அந்தக்கரணத்தால்; அந்தக்கரணங்கள் வேறு வேறாதலின் அனுபவங்கள் கலப்பதில்லை என்பது அவர்கள் தந்த விடை. இரண்டு செய்திகளைச் சேர்த்து முடிவு காண்பது புத்தியின் தொழில். சாட்சிக்கு அத்தொழில் இல்லை. விளக்கு அரங்கில் உள்ளதை ஒளிரச் செய்யுமேயன்றி, அரங்கிலுள்ள இருவரைப் பேசிக்கொள்ளச் செய்யாது.

அவ்வாறாயின் பாலம் அறுபட்டவரிடம் ஜீவர் ஒருவரா, இருவரா? இதில் அவசரம் கூடாது, விஞ்ஞானிகளே ஒன்றுபட்டிலர். இரு தனித்தனி உணர்வு ஓட்டங்கள் உள்ளன என்றார் ஸ்பெர்ரி. நோபல் பரிசு பெற்ற ஜான் எக்கிள்ஸ், தன்னையறியும் உணர்வு பேசும் பாதிக்கே உரியது என்றார். ஆம்ஸ்டர்டாம் பல்கலைக்கழகத்தின் யாயிர் பிண்டோவும் உடன் ஆய்ந்தோரும் 2017இல் இரு நோயாளிகளைப் பற்றி வெளியிட்ட ஆய்வு வேறொன்றைக் காட்டியது. திரையின் எப்பக்கத்தில் பொருள் தோன்றினாலும் அவர்கள் எந்தக் கையாலும், வாய்மொழியாலும் அதனை உணர்த்தினர். ஆனால் இருபக்கப் படங்களும் ஒன்றா வேறா என்று ஒப்பிட மட்டும் இயலவில்லை. காட்சி பிளவுபட்டது, உணர்வு பிளவுபடவில்லை என்பது அவர்கள் கொண்ட முடிவு. பிறர் இதனை மறுக்கின்றனர். 2025இல் வெளிவந்த மற்றோர் ஆய்வு, பாலத்தின் பின்முனையில் சுமார் 1 சென்டிமீட்டர் எஞ்சியிருந்தாலே இரு பாதிகளும் ஒன்றாக இயங்குவதைக் கண்டது. விவாதம் தீரவில்லை. இம்முடிவுகளில் ஏதேனும் ஒன்றை எடுத்துக்கொண்டு ஆன்மா நிரூபணமாகிவிட்டது என்று முழங்குவதும் சிறுபிள்ளைத்தனமே. காணப்படுபவற்றை அளக்கும் கருவியின் முன் காண்பவன் ஒரு பொருளாக வந்து நிற்பதில்லை.

ஒன்று மட்டும் குறிப்பிடத்தக்கது. இந்நோயாளிகள் தாம் இரண்டாகிவிட்டதாகச் சொல்வதில்லை. முன்பிருந்த அதே ஆளாகவே தம்மை உணர்கின்றனர். சொல்லும் வாய் ஒரு பாதிக்கே உரியது என்பதால், இதனையும் சான்றாக நீட்டாமல் அடக்கத்தோடு வைத்துக்கொள்வது நலம்.

சாதகனுக்கு இதில் பயன்படுவது மண்வாரியே. பாலம் அறுபடாதவனும் நாள்தோறும் கோழிக் கொட்டகைக் கதைகளைக் கட்டுகிறான். மகன் மீது பாய்ந்த சினத்துக்கு ‘அவன் நன்மைக்காக’ என்கிறான். கொடுக்காத தானத்துக்கு ‘பாத்திரமறிந்து இட வேண்டும்’ என்கிறான். செயல் எங்கிருந்து எழுந்தது என்று காணாமலே விடை நாவில் வந்து நிற்கிறது. அதன் வேகமே ஐயத்துக்கு உரியது. ஆகவே இரவில் படுக்குமுன் அன்றைய நாளைத் திரும்பப் பார்க்கும் வழக்கமுடையவர்கள், முதலில் வரும் காரணத்தை ஏற்காமலும் தள்ளாமலும் அப்படியே வைத்துவிட்டுச் சற்றுப் பொறுத்திருக்கலாம். ‘இன்று ஏன் தியானத்தில் அமரவில்லை?’ உடல் அசதி என்ற விடை உடனே வரும். அசதியோடுதானே பின்னிரவு வரை தொலைக்காட்சி பார்க்க முடிந்தது? அப்போது இரண்டாவது காரணம் வரும், முதலாவதைவிட அழகாக உடுத்திக்கொண்டு. அதையும் வைத்துவிட வேண்டும். சொல்வதற்கு ஒன்றும் இல்லாமல் உரை கூறுவோன் வாயடைத்து நிற்கும் ஒரு கணம் உண்டு. அந்த மௌனத்தையும் ஏதோ ஒன்று அறிந்துகொண்டிருக்கிறது.