கோளும் முறையீடும்

கல்விக்கூடத்தின் பாதுகாப்பைப் பற்றிப் பேசும்போதெல்லாம் உயர்ந்த மதிலும் வாயிற்காவலரும் கண்காணிப்புக் கேமராக்களுமே நம் நினைவுக்கு வருகின்றன. வெளியிலிருந்து வரும் கள்வனுக்கு இவை தடையாகலாம். ஆனால், பல்கலைக்கழக விடுதிகளில் மாணவர்க்கு நேரும் தீங்குகளுள் பல, மதிலுக்கு உள்ளேயே, உடன் உண்டு உடன் உறங்குவோர் நடுவிலேயே பிறக்கின்றன. அவற்றை முதலில் அறிபவர் காவலர் அல்லர். அடுத்த கட்டிலில் படுத்திருக்கும் தோழரே. அத்தோழர் தாம் அறிந்ததைச் சொல்லலாமா, கூடாதா என்பதே நாம் எண்ணிப் பார்க்க வேண்டிய அறவினா.

சொல்லத் தயங்குவதற்குக் காரணம் இல்லாமல் இல்லை. 'கோள் சொல்லாதே' என்பது தொடக்கப் பள்ளியிலேயே பிள்ளைகள் கேட்டுப் பழகும் அறிவுரை. 'காட்டிக் கொடுத்தவன்' என்னும் பெயரைச் சுமக்க எவரும் விரும்புவதில்லை. புறங்கூறாமைக்கு வள்ளுவர் தனி அதிகாரமே வகுத்துள்ளார். இப்பயிற்சி நன்றே. ஆயினும், எது கோள், எது முறையீடு என்று பிரித்தறியும் பயிற்சியை நாம் அதனுடன் சேர்த்துக் கொடுத்தோமா?

கொடாமையின் விலை சிறிதன்று. 2017ஆம் ஆண்டு, மலேசியத் தேசியத் தற்காப்புப் பல்கலைக்கழகத்தில் பயின்ற 21 வயது மாணவர் ஒருவர், மடிக்கணினியைத் திருடினார் என்னும் ஐயத்தின் பேரில், சக மாணவர்களால் விடுதி அறையில் சூடேற்றிய இஸ்திரிப் பெட்டியால் சுடப்பட்டார். இது நடந்தது மே மாதம் 22ஆம் நாள். அவர் உயிர் பிரிந்தது ஜூன் மாதம் முதல் நாள். இடையில் பத்து நாள்கள் இருந்தன. 2021இல் உயர் நீதிமன்றம் பத்துக்கும் மேற்பட்ட முன்னாள் மாணவர்களைக் குற்றவாளிகள் எனக் கண்டது. இத்துணைப் பேர் அறிந்த ஒரு செய்தி, உரிய காலத்தில் உரியவர் செவிக்கு எட்டவில்லை. சட்டம் செய்தவரைத் தண்டிக்கும். அறமோ, அறிந்தும் வாளாவிருந்தவரையும் வினவும்.

கோளுக்கும் முறையீட்டுக்கும் உள்ள வேறுபாடு சொல்லில் இல்லை, நோக்கத்தில் இருக்கிறது. பிறனுக்குத் தீங்கு விளைய வேண்டும் என்றோ, தனக்கு நற்பெயர் கிடைக்க வேண்டும் என்றோ பேசுவது கோள். ஒருவர்மீது விழும் தீங்கைத் தடுப்பதற்காகப் பேசுவது முறையீடு. 'யாருக்காகப் பேசுகிறேன்?' என்று மாணவன் தன்னையே கேட்டுக்கொண்டால் விடை தெளிவாகும். நண்பன் தவறும்போது இடித்துரைப்பதை நட்பின் கடமையாகவே வள்ளுவர் வைத்தார். ஆகவே, நண்பனின் கொடுமையை மறைப்பவன் நட்பைக் காப்பவன் ஆகான்.

பொய்க் குற்றச்சாட்டுக்கு இது வழிகோலாதோ என்று சிலர் ஐயுறக்கூடும். நேர்மையான ஐயமே. ஆனால், மேற்கண்ட கொடுமையும் விசாரணையற்ற ஒரு குற்றச்சாட்டிலிருந்தே பிறந்தது என்பதை மறத்தலாகாது. திருட்டைப் பற்றி முறையிடாமல், தாமே வழக்காடித் தாமே தண்டித்தார்கள். முறையீடு என்பது தீர்ப்பன்று. தீர விசாரிக்கும்படி விடுக்கும் வேண்டுகோள்.

தோழர் பிறருக்குத் தீங்கு செய்யும்போது மட்டுமின்றித் தம் உள்ளத் துயரால் தமக்கே தீங்கு எண்ணும்போதும் இவ்வினா எழுகிறது. தற்கொலை முயற்சி குற்றமாக இருந்த காலத்தில், வெளியே சொன்னால் அவரைச் சட்டத்தின் கையில் ஒப்படைத்ததாகுமோ என்னும் அச்சத்துக்கு இடமிருந்தது. சிங்கப்பூர் 2020இலும் மலேசியா 2023இலும் அதனைக் குற்றப் பட்டியலிலிருந்து நீக்கிவிட்டன. இனி, 'யாரிடமும் சொல்லாதே' என்று கலங்கும் தோழரின் வாக்குக்குக் கட்டுப்படுவதைவிட, அவரை உடன் அழைத்துக்கொண்டு ஆலோசகரிடமோ ஆசிரியரிடமோ செல்வதே மெய்யான தோழமை.

பேசுபவருக்குக் கடமை உண்டெனில், கேட்பவருக்கு அதனினும் பெரிய கடமை உண்டு. 2019ஆம் ஆண்டு சிங்கப்பூர்த் தேசியப் பல்கலைக்கழக மாணவி ஒருவர், விடுதிக் குளியலறையில் தம்மை மறைந்திருந்து படம்பிடித்த மாணவனுக்கு விதிக்கப்பட்ட தண்டனை போதாதென வெளிப்படையாகக் கூறினார். அதன் பின்னரே பல்கலைக்கழகம் ஆய்வுக்குழு அமைத்தது. தண்டனை விதிகளைக் கடுமையாக்கியது. பாதிக்கப்பட்டோர்க்குத் துணைநிற்கத் தனிப் பிரிவொன்றையும் தொடங்கியது. ஒரு குரல் பின்வரும் பலருக்கு அரணாயிற்று. ஆயினும், துயருற்றவரே ஊரறியப் பேசினால்தான் விதி திருந்தும் என்னும் நிலை எந்நிறுவனத்துக்கும் பெருமை தருவதன்று. தன் பெயருக்கு அஞ்சி முறையீட்டை மூடிவைக்கும் நிறுவனம், மாணவர்க்கு மௌனத்தையே பாடமாக நடத்துகிறது.

ஆசிரியப் பெருமக்களே! இதற்கான பயிற்சி பல்கலைக்கழகத்தில் தொடங்குவதன்று. நம் வகுப்பறையில் தொடங்குவது. நாளை ஒரு சிறுவன் நம் மேசையருகே வந்து, "ஐயா, அவன் அடிக்கிறான்" என்றால், "கோள் சொல்லாதே, போய் உட்கார்" என்று அனுப்பிவிடாதீர்கள். "யாரை அடிக்கிறான்? வா, போய்ப் பார்ப்போம்" என்று எழுந்து செல்லுங்கள். சொன்னால் கேட்பார்கள் என்னும் நம்பிக்கையை அன்று பெறும் பிள்ளைதான், பின்னாளில் விடுதி அறையில் வாய் திறப்பான்.