அந்திம நினைவும் மார்பினும்

காஞ்சியை அடுத்த திருப்புட்குழி விஜயராகவப் பெருமாள் கோயிலின் தல வரலாறு ஒரு மரணத்தின் கதை. வைணவர்கள் 'பெரிய உடையார்' என்று போற்றும் ஜடாயு சிறகறுந்து கிடக்கிறார். ராமன் அவர் உயிரை இழுத்துப் பிடிக்கவில்லை. அருகிலிருந்து, சொன்னதைக் கேட்டு, மகன் ஸ்தானத்தில் கொள்ளி வைத்தான். இன்றைய ஐசியூவில் இது தலைகீழ். உயிர் பிடித்துவைக்கப்படுகிறது, உறவு கண்ணாடிக் கதவுக்கு வெளியே நிற்கிறது. வென்டிலேட்டரைக் குறை சொல்லிப் பயனில்லை. நாகம் தீண்டியவருக்குச் சில நாள் மூச்சு கொடுத்தால் எழுந்து நடப்பார். முற்றிய புற்றுநோய்க்காரருக்கும் அதே குழாயைச் செருகுவதுதான் பிழை. அவருக்குத் தேவை வலி தணிப்பும் பக்கத்தில் ஓர் ஆளும்.

வலி தணிக்க மார்பின் மருந்து கொடுத்தால் நினைவு மங்கும், கடைசி மூச்சில் பகவான் நாமம் எப்படி வரும் என்று பக்தர்கள் கேட்பார்கள். கீதையே அந்திம நினைவை வலியுறுத்துவதால் இதை லேசாகத் தள்ள முடியாது. ஆனால் பதில் காஞ்சியிலேயே இருக்கிறது. திருக்கச்சி நம்பி வழியாக வரதராஜப் பெருமாள் ராமானுஜருக்குச் சொன்னதாகக் கருதப்படும் ஆறு வார்த்தைகளில் ஒன்று, சரணடைந்தவனுக்கு அந்திம நினைவு கட்டாயமில்லை என்பது. அந்த ராமானுஜர் யாதவப்பிரகாசரிடம் பாடம் கேட்டது திருப்புட்குழியில்தான் என்பார்கள். தவிர, அளவறிந்து கொடுத்த மார்பினைவிட அடங்காத வலிதான் மனத்தை அதிகம் சிதைக்கிறது. 1985 போதைப்பொருள் சட்டத்தின் கெடுபிடியால் மருத்துவமனைகளே அந்த மாத்திரையை வாங்கி வைக்கத் தயங்கின; 2014 திருத்தம்தான் வழியைக் கொஞ்சம் அகலமாக்கியது.

குழாயைத் தவிர்த்து வலியை மட்டும் தணிப்பது நோயாளியைக் கைவிடுவதாகாதா? 2010இல் வெளியான அமெரிக்க ஆய்வொன்றில், பரவிய நுரையீரல் புற்றுநோய்க்கு ஆரம்பத்திலேயே வலி தணிக்கும் ஆதரவு சிகிச்சையும் பெற்றவர்கள் சராசரியாக 11.6 மாதம் வாழ்ந்தார்கள்; வழக்கமான சிகிச்சை மட்டும் பெற்றவர்கள் 8.9 மாதம். ஐசியூவையே காணாத ஏழைக்கு இந்தப் பேச்சு எதற்கு என்ற கேள்வி இன்னும் கனமானது. அவருக்குத்தான் இது முதலில் வேண்டும்; மார்பின் மாத்திரை மலிவானது. 2021இல் தொடங்கிய 'மக்களைத் தேடி மருத்துவம்' திட்டத்தில் வீட்டுக்கே வரும் ஆதரவு சிகிச்சையும் உண்டு.

சட்டமும் இதற்கு வழிவிடுகிறது. கண்ணியமான மரணத்தை உச்ச நீதிமன்றம் 2018இல் உரிமையாக ஏற்று, உயிர்காப்பு சிகிச்சை வேண்டாமென முன்கூட்டியே எழுதிவைக்கவும் அனுமதித்தது. 2023இல் நோட்டரி சான்றே போதும் என்று எளிமையாக்கியது. எழுத வேண்டியவருக்கு முதலில் தன் நோய் தெரிய வேண்டுமே! "அப்பாகிட்ட சொல்லிடாதீங்க டாக்டர்" என்று பிள்ளைகள் கெஞ்சுகிறார்கள், டாக்டரும் தலையாட்டுகிறார்.